சுடுது, சுடுது!

என் வாழ்க்கையில் நான் பொது இடத்தில் ஆடியது இரண்டே இரண்டு முறைதான். என் கல்யாணத்தில்கூட ஆடவில்லை. (நண்பர்கள் இழுத்தார்கள். மண்டபத்துத் தூணைக் கட்டிப் பிடித்துக்கொண்டேன்.) முதல் முறை ஆடியது ஒரு ஞாயிற்றுக்கிழமை, காலை பத்தரை மணிக்கு, மனைவி, மாமியார் மற்றும் பதினைந்து பொதுமக்கள் முன்னிலையில். அப்போது என் வலது கையில் தோட்டா நிரப்பிய பிஸ்டல் இருந்தது.

இதைச் சிரித்துக்கொண்டே எழுத முடிகிறது என்றால் அதற்குக் காரணம், அந்தப் பதினேழு பேரும் இன்றுவரை நலமாக இருக்கிறார்கள். அதில் என் பங்கு எதுவும் கிடையாது. முழுப் பெருமையும் ரேவதிக்கே.

ஒன்பது வருடங்களுக்கு முன்னால் எனக்கு முப்பத்திரண்டு வயது. நெய்வேலி சுரங்கத்தில் கன்வேயர் பெல்ட் பராமரிப்புப் பிரிவு. பெர்மனென்ட். டவுன்ஷிப்பில் குவார்ட்டர்ஸ். கல்யாணமாகி இரண்டு வருடம் ஆகியிருந்தது. இவை எல்லாவற்றையும்விட முக்கியமான தகவல் ஒன்று: எங்கள் ஷிஃப்ட்டில் தினமும் வேலை தொடங்கும் முன் எல்லாரையும் வரிசையில் நிறுத்திப் பாதுகாப்பு உறுதிமொழி வாசிப்பவன் நான். "கவனக்குறைவு என்பது விபத்தின் கதவு" என்று நான் கம்பீரமாகச் சொல்ல, நாற்பது ஹெல்மெட்டுகள் திருப்பிச் சொல்லும். அந்தக் குரலை நினைத்தால் இப்போது காது சுடுகிறது.

கேன்டீன் பலகையில் ஒரு நாள் அறிவிப்பு ஒன்று ஒட்டியிருந்தது. ஊர் எல்லையில் இருந்த துப்பாக்கிக் கிளப்பில் பிஸ்டல் பயிற்சி, புதியவர்களும் சேரலாம், ஞாயிறு தோறும். படித்த நிமிடத்தில் எனக்குள் ஏதோ ஒன்று நிமிர்ந்து உட்கார்ந்தது. வீட்டுக்கு வந்து விண்ணப்பத்தை மேஜையில் வைத்தேன். என் மனைவி சுமதி அதை இரண்டு முறை படித்தாள்.

"ஏங்க, உங்களுக்கு எதுக்கு இது?"

"ஒரு விளையாட்டுதான் சுமதி. மனசு ஒருமைப்படும்."

"ஊசியில நூல் கோக்கச் சொன்னா கை நடுங்குது உங்களுக்கு."

"அது வேற, இது வேற."

"ஆமா. ஊசியில தோட்டா கெடையாது" என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போனாள். நான் அதைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன்.

கிளப் என்றால் பெரிய கட்டடத்தைக் கற்பனை செய்ய வேண்டாம். தகரக் கூரை போட்ட ஒரு நீளக் கொட்டகை. அதில் ஆறு தடுப்புகள். ஒவ்வொரு தடுப்புக்கும் இரண்டு பக்கமும் மரப் பலகை. எதிரே இருபத்தைந்து மீட்டரில் காகித இலக்குகள். அவற்றுக்குப் பின்னால் சுரங்கத்திலிருந்து தோண்டிக் கொட்டிய மண், மலையாக நின்றது. அந்த மண்மேட்டைத் தாண்டிக் குண்டு போக வேண்டுமானால் அதற்குச் சிறகு முளைக்க வேண்டும். சுடுவதற்கு இவ்வளவு வசதியான ஊர் வேறு இல்லை என்று அன்றைக்கே முடிவு செய்துவிட்டேன்.

உள்ளே ஒரு பெண் பதிவேட்டில் பெயர் எழுதிக்கொண்டிருந்தாள். இருபத்திரண்டு, இருபத்துமூன்று வயது இருக்கும். ஒல்லியான உருவம், இறுக்கிக் கட்டிய கொண்டை, தலையில் தொப்பி.

"கோச் எப்பம்மா வருவாரு?" என்றேன், ஒரு மூத்த அதிகாரியின் கனிவோடு.

"வந்துட்டாங்க அண்ணா" என்றாள் அவள், எழுதுவதை நிறுத்தாமல். "பேரு?"

"யாரு, கோச் பேரா?"

"உங்க பேரு. என் பேரு ரேவதி. நான்தான் கோச்."

மாநில அளவில் சுட்டுப் பதக்கம் வாங்கியவள் என்று பிறகுதான் தெரிந்தது. அன்றைக்கு எனக்குத் தோன்றியதெல்லாம், இந்தச் சின்னப் பெண் எனக்குப் புதிதாக என்ன சொல்லித் தந்துவிடப் போகிறாள் என்பதுதான். நான் பார்த்த சண்டைப் படங்களை வரிசையாக அடுக்கினால் நெய்வேலியிலிருந்து வடலூர் வரை போகும்.

ரேவதி மேஜை மேல் ஒரு பிஸ்டலை வைத்தாள். கறுப்பாக, கச்சிதமாக இருந்தது. எனக்கு மூச்சு ஒரு முறை நின்று வந்தது.

"இது செமி ஆட்டோமேட்டிக். ஒரு தடவ டிரிகரை அழுத்தினா ஒரு குண்டுதான் போகும். ஆனா அதோட முடியாது. மேல இருக்கிற ஸ்லைடு தானா பின்னாடி போயி, காலியான தோட்டாக் கூட்டை வலது பக்கமா வெளிய தள்ளும். திரும்பி வரும்போது அடுத்த தோட்டாவை உள்ள ஏத்திட்டுத் தயாரா நிக்கும். நீங்க தயாரா இல்லன்னாலும் அது தயாரா இருக்கும். புரியுதா?"

"தெரியும்மா" என்றேன்.

"சரி. இது காலியான்னு பாத்துச் சொல்லுங்க அண்ணா."

நான் எடுத்தேன். எடுத்த எடுப்பில் ஆள்காட்டி விரல் நேராக டிரிகரில் போய் உட்கார்ந்தது. பிடியில் இருந்த பட்டனை அழுத்தினேன். தோட்டா அடுக்கும் மேகஸின் கழன்று கையில் விழுந்தது. எல்லாம் படத்தில் பார்த்த மாதிரியே நடந்ததில் எனக்கு ஒரே குதூகலம். வலது பக்கம் நின்றிருந்த நான்கு புதியவர்களைப் பார்த்துத் திரும்பி, "காலி!" என்று அறிவித்தேன். நான் திரும்பியபோது பிஸ்டலும் கூடவே திரும்பியது.

அந்த நான்கு பேரும் ஒரே நேரத்தில் குனிந்தார்கள்.

"முனையை முன்னாடி திருப்புங்க. இப்ப ஸ்லைடைப் பின்னாடி இழுங்க" என்றாள் ரேவதி.

இழுத்தேன். உள்ளேயிருந்து ஒரு தோட்டா துள்ளிக் குதித்து மேஜையில் உருண்டது.

நான் மேஜையை விட்டு ஒரு அடி தள்ளிப் போனேன்.

"பயப்படாதீங்க, டம்மி. வெடிக்காது" என்றாள் அவள். "மேகஸினை எடுத்தாலும் உள்ள அறையில ஒண்ணு உக்காந்திருக்கும். அதான் முதல்ல மேகஸின், அப்புறம் ஸ்லைடு, அப்புறம் கண்ணால பாக்கணும், விரல் விட்டும் பாக்கணும். காலின்னு வாயால சொல்றது கடைசி. இப்ப சொல்லுங்க, இந்த நாலு பேர்ல யாரைச் சுட்டீங்க?"

அந்த நால்வரில் பச்சைச் சட்டை போட்டிருந்தவர் கை தூக்கினார். வங்கி அதிகாரி முரளி. (அப்போது ஆரம்பித்த நட்பு. பாவம், அவர் கதை பின்னால் வருகிறது.)

அடுத்த மூன்று ஞாயிறுகள் ஒரு தோட்டாகூடக் கண்ணில் காட்டவில்லை. வெற்றுப் பிஸ்டலைப் பிடி, கையை நீட்டு, மூச்சை விடு, இறக்கு. திரும்பத் திரும்ப அதே. எந்தத் துப்பாக்கியும் நிரம்பியதாகவே நினைத்துக்கொள். முனை எப்போதும் மண்மேட்டைப் பார்க்கட்டும். இலக்கைக் குறி பார்த்து முடிக்கும் வரை விரல் டிரிகருக்கு வெளியே. ரேவதி இதைச் சொன்ன எண்ணிக்கையை நான் உறுதிமொழி வாசித்த எண்ணிக்கையோடு ஒப்பிடலாம். ஒரு வித்தியாசம், அவள் சொன்னதை அவளே கடைப்பிடித்தாள்.

நான்காவது ஞாயிறு, முதல் தோட்டா. மேகஸினில் ஒன்றே ஒன்று போட்டுக் கொடுத்தாள். கண்ணாடி, காதுக்கு மூடி, தலைக்குத் தொப்பி. பிஸ்டல் முனையில் இருந்த முன்குறியை இலக்கின் கறுப்பு வட்டத்துக்குக் கீழே நிறுத்தினேன். அது நிற்கவில்லை. அம்மி மேல் ஏறிய எறும்பு போல அலைந்தது. அழுத்தினேன். 'டப்'. கை லேசாகத் துள்ளியது. வெடிமருந்து வாசனை மூக்கில் ஏறியது. எதிரே காகிதத்தின் ஓரத்தில், வெள்ளைப் பகுதியில், ஒரு பொட்டு!

வட்டத்திலிருந்து ரொம்ப தூரம்தான். காகிதத்தில் பட்டதே, அது போதாதா? அங்கிருந்தே சுமதிக்குப் போன் போட்டேன். "சுட்டுட்டேன்!" என்று கத்தினேன். அவள் "யாரை?" என்றாள்.

அன்று முதல் வீட்டில் வேறு பேச்சே இல்லை. நிறையத் தண்ணீர் பிடித்த பாட்டிலை ஒரு கையில் நீட்டிப் பிடித்துக்கொண்டே பல் தேய்த்தேன். செகண்ட் ஷிஃப்ட் போகும்போது பஸ்ஸில் மூச்சுப் பயிற்சி செய்தேன். பக்கத்து சீட்காரர் எனக்கு ஆஸ்துமா என்று நினைத்து ஜன்னலைத் திறந்துவிட்டார்.

அப்போதுதான் ரேவதி ஒரு அறிவிப்பு செய்தாள். அடுத்த ஞாயிறு குடும்பங்களை அழைத்து வரலாம். தடுப்புகளுக்குப் பின்புறம் கட்டிய கயிற்றுக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து பார்க்கலாம். புதியவர்கள் ஒவ்வொருவரும் முதல் தடவையாக மேகஸினில் ஐந்து தோட்டா போட்டுச் சுடுவார்கள். நன்றாகச் சுடுகிறவர்களின் பெயர் மாவட்டப் போட்டிக்குப் போகும்.

மாவட்டப் போட்டி! அன்றிரவு சுமதியிடம் சொன்னேன், அவள் அவளுடைய அம்மாவிடம் சொன்னாள், ஞாயிறு காலை ஏழு மணிக்கு சேத்தியாத்தோப்பு பஸ்ஸில் என் மாமியார் வந்து இறங்கிவிட்டார். என் மாமியார் எதையும் நேரில் பார்க்காமல் நம்புவதில்லை. மாப்பிள்ளைக்குப் பெர்மனென்ட் வேலை என்பதையே என் அடையாள அட்டையை வாங்கித் திருப்பிப் பார்த்த பிறகுதான் நம்பினார்.

"ஏங்க மாப்ள, நெசமாவே துப்பாக்கியா? இல்ல காத்து ஊதற பலூன் துப்பாக்கியா?"

"நெசத் துப்பாக்கிதான் அத்தை. நீங்களே வந்து பாருங்க."

இந்த இடத்தில் என் உடையைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். சந்தன நிறத்தில் புதுச் சட்டை. பேன்ட்டுக்குள் இறுக்கமாக இன் செய்து, பெல்ட் போட்டிருந்தேன். மேலே இரண்டு பட்டன்கள் திறந்திருந்தன. வெறும் ஸ்டைலுக்காக மட்டும் அல்ல. கல்யாணத்தில் மாமியார் போட்ட சங்கிலியை நான் கழுத்தில் போடுவதே இல்லை என்று அவருக்கு ஒரு மனக்குறை. இன்று போட்டிருந்தேன். போட்டது தெரிய வேண்டாமா?

கொட்டகைக்குள் நுழைந்ததும் ரேவதியின் பார்வை நேராக என் கழுத்துக்கு வந்தது.

"அண்ணா, காலர் வரைக்கும் பட்டன் போடுங்க."

"வேர்க்குதும்மா."

"போட்டாத்தான் சுடலாம்."

போட்டேன். மூன்றாம் தடுப்பில் போய் நின்றேன். நான்காம் தடுப்பில், எனக்கு வலது பக்கம், முரளி. பலகைக்கு மேலாகக் கட்டைவிரலைக் காட்டினார். திரும்பிப் பார்த்தால் கயிற்றுக்குப் பின்னால் சுமதி போனைத் தூக்கிப் பிடித்திருந்தாள். பக்கத்தில் மாமியார், காதில் கொடுத்த பஞ்சை அடைத்துக்கொண்டு, கண்ணைச் சுருக்கி என் கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

ரேவதி முதலாம் தடுப்புப் பக்கம் போன நேரத்தில் இரண்டு பட்டன்களையும் கழற்றிவிட்டேன். மாமியார் முகம் மலர்ந்தது. என் அழிவும் அங்கேயே மலர்ந்தது.

கட்டளை வந்தது. ஐந்து தோட்டா மேகஸினை ஏற்றினேன். ஸ்லைடை இழுத்து விட்டேன். ரேவதி சுற்றி வந்து என் வலது தோளுக்கு ஒரு அடி பின்னால் நின்றுகொண்டாள். முன்பின் தெரியாத ஒரு உற்சாகம் எனக்கு. கால் தரையில் இருந்ததா என்றே சந்தேகம்.

முதல் குண்டு வெள்ளையில்.

இரண்டாவது கறுப்பு வட்டத்தின் விளிம்பில்! ஏழு மதிப்பெண்! மாவட்டம் என்ன, மாநிலமே கண்ணுக்குத் தெரிந்தது.

மூன்றாவது 'டப்' என்றது. குண்டு எங்கே போனது என்று நான் பார்க்கவே இல்லை. பிஸ்டல் துப்பிய காலிக் கூடு வலது பக்கப் பலகையில் மோதி, அங்கிருந்து அழகாக வளைந்து திரும்பி, சந்தனச் சட்டையின் திறந்த வாசல் வழியாக, மாமியாரின் சங்கிலியை உரசிக்கொண்டு உள்ளே இறங்கியது.

அப்போதுதான் வெடித்த தோட்டாவின் கூடு எப்படிச் சுடும் தெரியுமா? அடுப்பிலிருந்து எடுத்த கடுகு ஒன்றை, கடுகு அளவில் இல்லாமல் சுண்டு விரல் நகம் அளவில் நினைத்துப் பாருங்கள். அது நெஞ்சில் பட்டது, விலா எலும்பில் பட்டது, வயிற்றில் இறங்கியது. சட்டையைத்தான் இறுக்கமாக இன் செய்திருந்தேனே! வெளியே போக வழியில்லாமல் பெல்ட்டுக்கு மேலே போய் உட்கார்ந்துகொண்டது.

"சுடுது! சுடுது!" என்று அலறினேன்.

தமிழில் இந்த ஒரு சொல்லுக்கு இரண்டு அர்த்தம் இருப்பது எவ்வளவு ஆபத்து என்பதை அன்றுதான் உணர்ந்தேன். நான் சொன்னது வயிற்றைப் பற்றி. கயிற்றுக்குப் பின்னால் இருந்தவர்கள் புரிந்துகொண்டது துப்பாக்கியைப் பற்றி. "துப்பாக்கி தானா சுடுதாம்!" என்று யாரோ கத்த, பதினேழு பேரும் தரையில் படுத்துவிட்டார்கள்.

நான் ஆடிக்கொண்டிருந்தேன். இடது கை சட்டைக்குள். இடுப்பு ஒரு திசையில், தோள் ஒரு திசையில். வலது கையில் பிஸ்டல் இருக்கிறது என்பதே நினைவில் இல்லை. விரல் டிரிகரிலேயே இருந்தது. கால் தானாகத் திரும்ப ஆரம்பித்தது. மண்மேடு நகர்ந்தது, பலகை நகர்ந்தது, அடுத்து கயிறு வரப்போகிறது.

வரவில்லை. என் மணிக்கட்டை இரண்டு கைகள் இடுக்கி போலப் பிடித்தன. அந்த ஒல்லிப் பெண்ணுக்கு அவ்வளவு பலம் எங்கிருந்து வந்தது என்று இன்றும் தெரியாது. ஒரே தள்ளில் என் கை மண்மேட்டுப் பக்கம் திரும்பியது. அந்தத் தள்ளில் விரல் இறுகியது.

'டப்.'

நான்காவது குண்டு போனது.

"ஸ்டாப்! எல்லாரும் ஸ்டாப்!" என்று அவள் கத்தினாள். ஆறு தடுப்பிலும் அமைதி. பிறகு என் காதருகே, கடுமையாக, "விரலை வெளிய எடுங்க."

"சுடுதும்மா!"

"தெரியுது. விரலை எடுங்க. முனை முன்னாடி. முதல்ல கீழ வைங்க, அப்புறம் ஆடுங்க!"

வைத்தேன். அவள் மேகஸினைக் கழற்றினாள். ஸ்லைடை இழுத்தாள். உள்ளே இருந்த ஐந்தாவது தோட்டா மேஜையில் விழுந்தது. கண்ணால் பார்த்தாள், விரல் விட்டுப் பார்த்தாள். அதன் பிறகுதான் என் மணிக்கட்டிலிருந்த பிடி தளர்ந்தது போல எனக்குத் தோன்றியது. உடனே நான் சட்டையை உருவி வெளியே இழுத்துக் குதித்தேன். 'டிங்' என்று ஒரு பித்தளைக் கூடு சிமெண்ட் தரையில் விழுந்து உருண்டது. இவ்வளவு சின்னதா! எனக்கே வெட்கமாகிவிட்டது.

தரையில் படுத்திருந்தவர்கள் ஒவ்வொருவராகத் தலையைத் தூக்கினார்கள். மாமியார் மட்டும் படுத்தபடியே கேட்டார்: "மாப்ள, முடிஞ்சிதுங்களா?"

இலக்குகளைப் போய்ப் பார்த்தபோது இன்னொரு விஷயம் தெரிந்தது. முரளி ஐந்து சுட்டிருந்தார். அவருடைய காகிதத்தில் ஆறு ஓட்டைகள். அதில் ஒன்று சரியாக நடு வட்டத்தில். பத்துக்குப் பத்து. அது என்னுடைய நான்காவது குண்டு என்று நான் சொல்கிறேன். தன்னுடையது என்று முரளி இன்றுவரை சாதிக்கிறார். ரேவதி இருவர் பேச்சையும் கேட்காமல் அந்தக் காகிதத்தைக் கிழித்துப் போட்டுவிட்டாள்.

கூட்டம் கலைந்த பிறகு நான் கொட்டகையின் பின்பக்கம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். அங்கே பானையில் தண்ணீர் மொண்டு குடிக்க வந்த ரேவதி என்னைக் கவனிக்கவில்லை. டம்ளரை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். அப்படியும் பாதித் தண்ணீர் அவள் சட்டையில் கொட்டியது. அதுவரை என் வயிற்றுப் புண்ணையும் மானத்தையும் மட்டுமே நினைத்துக்கொண்டிருந்த எனக்கு அப்போதுதான் உண்மையாகவே குளிர்ந்தது.

"மன்னிச்சிரும்மா" என்றேன்.

திரும்பினாள். டம்ளரைப் பானை மேல் கவிழ்த்து வைத்தாள்.

"எனக்குப் பின்னாடி எத்தன பேர் இருந்தாங்கன்னு தெரியுமாண்ணா? பதினேழு பேரு. நீங்க சுட ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடியே எண்ணிட்டேன். எப்பவும் எண்ணுவேன்."

நான் தலையைக் குனிந்துகொண்டேன். திறந்திருந்த பட்டன்கள் கண்ணில் பட்டன.

"மூணு மாசம் நீங்க துப்பாக்கியைத் தொடக் கூடாது. அதுக்கப்புறம் வரணும்னா வாங்க. வரலன்னாலும் தப்பில்ல" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

புண்ணுக்கு மருந்து போட ஆஸ்பத்திரிக்குப் போனோம். அது இன்னொரு கூத்து. டியூட்டி டாக்டர் இளைஞர். "எப்படி ஆச்சு?" என்று சாதாரணமாகத்தான் கேட்டார்.

"துப்பாக்கியில..." என்று ஆரம்பித்தேன்.

அவர் பேனாவைக் கீழே வைத்தார். நர்ஸ் வாசலைப் பார்த்துக் கை காட்ட, காவலாளி ஒருவர் வந்து என் பின்னால் நின்றுகொண்டார். "குண்டடியா? போலீசுக்குச் சொல்லிட்டீங்களா? யார் சுட்டா?"

நான் வாயைத் திறப்பதற்குள் மாமியார் முன்னால் வந்தார்.

"யாரும் சுடலிங்க டாக்டர். குண்டு அது பாட்டுக்குப் போயிடிச்சி. இது குண்டோட வூடு. குண்டு வூட்ட வுட்டுட்டுக் கெளம்பிச்சா, அந்த வூடு எகிறிக்கினு வந்து எங்க மாப்ள சட்டைக்குள்ள பூந்துகிச்சிங்க. இவரு தொறந்து போட்டுக்கினு நின்னாரு, சங்கிலி தெரியணும்னு."

டாக்டர் என்னைப் பார்த்தார். என் கழுத்துச் சங்கிலியைப் பார்த்தார். மடியில் இருந்த காகிதத்தால் வாயை மறைத்துக்கொண்டார். சுமதி அந்த அறையை விட்டே வெளியே ஓடிவிட்டாள். வராந்தாவில் அவள் சிரித்த சிரிப்பு மூன்று வார்டுகளுக்குக் கேட்டிருக்கும். காவலாளி மட்டும் கடைசி வரை சிரிக்கவில்லை. "வூட்டு அட்ரஸ் சொல்லுங்க சார்" என்று கேட்டார். எந்த வூட்டைக் கேட்டார் என்று எனக்கு நிச்சயமாகத் தெரியவில்லை.

தழும்பு இன்னும் இருக்கிறது. தொப்புளுக்கு இரண்டு அங்குலம் மேலே, சின்னப் பிறை வடிவில்.

மூன்று மாத ஞாயிறுகளும் வீட்டு மூலையில் கழிந்தன. அந்த மூன்று மாதமும் ஷிஃப்ட்டில் உறுதிமொழி வாசிக்கும்போது குரல் எழும்பவில்லை. ஆனால் முதல் முறையாக, வாசிக்கும் ஒவ்வொரு வரியையும் காதில் வாங்கிக்கொண்டேன். கன்வேயர் பெல்ட்டில் கை வைக்கும் முன் மின்சாரம் நின்றதா என்று நானே நடந்து போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். என்னுடன் வேலை செய்தவர்கள் எனக்கு ஏதோ உடம்பு சரியில்லை என்று பேசிக்கொண்டார்கள்.

தொண்ணூறாவது நாள் கழிந்த ஞாயிறு, காலர் பட்டன் வரை போட்டுக்கொண்டு ரேவதி முன்னால் போய் நின்றேன். அவள் ஆச்சரியப்பட்டது போலத் தெரிந்தது. டம்மி தோட்டா போட்ட பிஸ்டலைக் கொடுத்தாள்.

"அஞ்சு தடவ ஸ்லைடை இழுத்து இழுத்து அழுத்துங்க. நான் பின்னாடி நிக்கறேன்."

ஒன்று. இரண்டு. மூன்றாவது முறை அழுத்தப் போகும்போது, என் சட்டையின் பின்கழுத்து வழியாக எதுவோ உள்ளே விழுந்தது. ஐஸ் கட்டி! முதுகெலும்பின் வழியே, ஒவ்வொரு கணுவாக நின்று விசாரித்துக்கொண்டு கீழே இறங்கியது. உடம்பு முழுவதும் துள்ளித் துடித்தது. விரலை வெளியே எடுத்தேன். முனையை மண்மேட்டில் நிறுத்தினேன். மேகஸினைக் கழற்றினேன். ஸ்லைடை இழுத்தேன். பார்த்தேன். விரல் விட்டும் பார்த்தேன். கீழே வைத்தேன். ஒரு அடி பின்னால் வந்தேன். கையைத் தூக்கினேன்.

பிறகு ஆடினேன் பாருங்கள்! அப்படி ஒரு ஆட்டம்!

ரேவதி சிரித்து நான் பார்த்தது அதுதான் முதல் முறை. வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "பாஸ் அண்ணா, பாஸ்!" என்றாள்.

அன்றிலிருந்து அந்தக் கிளப்பில் யார் சேர்ந்தாலும், உண்மையான தோட்டா கையில் கிடைப்பதற்கு முன் இந்தச் சோதனையில் தேற வேண்டும். அதற்குப் பெயர் 'பாஸ்கர் டெஸ்ட்'. (பாஸ்கர் அடியேன்தான்.) நான் மாவட்டப் போட்டிக்குப் போகவே இல்லை. என் சுடும் திறமை கறுப்பு வட்டத்தின் விளிம்போடு நின்றுவிட்டது. ஆனால் பெயர் நின்றுவிட்டது. எத்தனை பதக்கம் வாங்கியவர்களுக்குக் கிடைக்கும் இந்தப் பாக்கியம்?

போன மாதம் ஃபர்ஸ்ட் ஷிஃப்ட் பஸ்ஸில், புதிதாக வேலைக்குச் சேர்ந்த ஒரு பெண் இன்ஜினியர் என் பக்கத்தில் உட்கார்ந்தாள். தென்காசிப் பக்கமாம். கண்ணில் ஒரே பரபரப்பு. ஞாயிற்றுக்கிழமை துப்பாக்கிக் கிளப்பில் சேர்ந்ததைத் தானாகவே சொல்ல ஆரம்பித்தாள்.

"சார், அங்க பாஸ்கர் டெஸ்ட்டுன்னு ஒண்ணு வச்சாங்க. சட்டைக்குள்ள ஐஸ் போட்டுட்டாங்க சார்! நான் மொதல் தடவையே பாஸ்!"

"அப்படியா!" என்றேன். நெஞ்சு விரிந்தது. "அந்த பாஸ்கர் யாருன்னு சொன்னாங்களா?"

"பழைய காலத்து ஷூட்டராம் சார். காலர் பட்டன் போடாம சுட்டாராம். சூடான தோட்டா சட்டைக்குள்ள போய்..." என்று சொல்லிக் குரலைத் தாழ்த்தினாள். "அதுலதான் செத்துட்டாராம் சார். பாவம்."

நான் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையை மெல்லத் திருப்பி, பெயர் இருக்கும் பக்கத்தை நெஞ்சோடு ஒட்டி வைத்துக்கொண்டேன். "பாவந்தாம்மா" என்றேன். சுரங்கம் வரும் வரை இருவரும் பாஸ்கருக்காக மௌனமாக இருந்தோம்.

வீட்டுக்கு வந்து இதைச் சொல்லியிருக்கக் கூடாது. சொல்லிவிட்டேன். அன்று மாமியாரும் வந்திருந்தார். இருவரும் சிரித்து ஓய்ந்தபோது சட்னி காய்ந்துவிட்டது. நான் தட்டை நீட்டி, "சுமதி, இன்னொரு தோசை" என்றேன்.

அவள் தோசைத் திருப்பியை ஓரமாக வைத்துவிட்டு, ரொம்ப வருத்தமான முகத்தோடு அம்மாவைப் பார்த்தாள்.

"ஏம்மா, செத்துப் போனவருக்கு எதுக்கு இன்னொரு தோசை?"